எங்குரி ஆற்றோடு ஏழு நாள்

பொதுப்பணித்துறையில் முப்பத்தொரு ஆண்டுகள் அணை, மதகு, வாய்க்கால் என்று உழன்று ஓய்வுபெற்றவள் நான். எந்த ஊருக்குப் போனாலும் தண்ணீர் எங்கிருந்து வருகிறது, எந்தப் பக்கம் வடிகிறது என்று பார்க்காமல் எனக்கு ஊர் பிடிபடுவதில்லை. அண்ணன் மகள் ஜார்ஜியத் தலைநகர் திபிலிசியில் மருத்துவம் படிக்கிறாள். அவளைப் பார்க்கப் போன இடத்தில், வகுப்புத் தொடங்க ஒரு வாரம் இருக்கிறது, கடலுக்குப் போகலாமா மலைக்குப் போகலாமா என்று கேட்டாள். வரைபடத்தை விரித்தபோது நாட்டின் வடமேற்கு மூலையில் எங்குரி என்னும் ஆறு கண்ணில் பட்டது. காக்கேசியப் பனியில் பிறந்து கருங்கடலில் விழும் அந்த ஆற்றின் நீளம் 213 கிலோமீட்டர். அதன் மேற்பகுதி முழுவதும் ஸ்வானேத்தி என்ற மலைநாட்டுக்குள்ளேயே ஓடுகிறது. ஆற்றைப் பிடித்துக்கொண்டு கீழிருந்து மேலே போவது என்று முடிவு செய்தோம். 2023 செப்டம்பரில் ஒவ்வோர் இரவும் கிறுக்கி வைத்த குறிப்புகளை ஊர் திரும்பியபின் சீர்செய்து தருகிறேன்.

செப்டம்பர் 13, புதன்: ஸுக்திதி

மலைக்குப் போகிறோம் என்று கம்பளிச் சட்டையைக் கைப்பையில் திணித்துக்கொண்டு இறங்கிய எனக்கு ஸுக்திதி வியர்வையைத்தான் தந்தது. கருங்கடலின் ஈரக்காற்று தடையில்லாமல் வந்து தேங்கும் தாழ்நிலம் இது. கிரேக்கர்கள் கொல்கிஸ் என்று அழைத்த நாடு. சாலையோரம் முழுவதும் ஹேசல் கொட்டைத் தோட்டங்கள். வீட்டு வாசல்களில் கொட்டைகளைத் தார்ப்பாயில் பரப்பிக் காயவைத்திருந்தார்கள். கார்காரர்கள் ஒதுங்கிப் போனார்கள்.

இந்நாட்டுப் பணத்தின் பெயர் லாரி. நாங்கள் போனபோது ஒரு லாரிக்கு ஏறக்குறைய 31 ரூபாய். "முப்பது லாரி கொடுத்தோம்" என்று அண்ணியிடம் தொலைபேசியில் சொன்னபோது, மறுமுனையில் சற்று நேரம் பேச்சே இல்லை. பிறகுதான் இருவருக்கும் சிரிப்பு வந்தது.

இரவு உணவுக்கு உட்கார்ந்த சிறிய கடையில் அஜிகா என்ற மிளகாய்த் துவையலைத் தனிக் கிண்ணத்தில் வைத்தார்கள். ஜார்ஜியாவில் காரம் சாப்பிடுகிறவர்கள் இந்த மெக்ரேலியப் பகுதி மக்கள்தாம் என்று அண்ணன் மகள் முன்பே சொல்லியிருந்தாள். வெளிநாட்டுப் பெண்மணிக்குக் காரம் ஒத்துக்கொள்ளாது என்று பயந்த கடைக்காரம்மா தண்ணீர்க் குவளையோடு பக்கத்திலேயே நின்றார். நான் இரண்டாம் கிண்ணம் கேட்டதும் சமையலறையில் இருந்தவர்களை எல்லாம் அழைத்துவந்து காட்டினார். எண்பது வகைச் சிறப்புச் செய்தாலும் கிடைக்காத மரியாதை அது.

அந்தக் கடையில் தங்களுக்குள் அவர்கள் பேசியது அண்ணன் மகளுக்குப் புரியவில்லை. திபிலிசியில் மூன்று ஆண்டுகளில் அவள் கற்றது ஜார்ஜிய மொழி. இவர்கள் பேசுவது மெக்ரேலியம். ஜார்ஜியம், மெக்ரேலியம், லாஸ், ஸ்வான் ஆகிய நான்கும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. அவற்றுள் முதலில் பிரிந்துபோனது நாங்கள் போகவிருக்கும் மலையின் மொழியான ஸ்வான் என்கிறார்கள் மொழியியலாளர்கள். அந்தப் பிரிவு நிகழ்ந்து மூவாயிரம் ஆண்டுகளுக்கு மேலாயிற்று.

செப்டம்பர் 14, வியாழன்: ஸுக்திதியிலிருந்து மெஸ்தியா

மார்ஷ்ருத்கா எனப்படும் சிற்றுந்து நிரம்பினால்தான் கிளம்பும். ஆளுக்கு 40 லாரி. ஓட்டுநர் ஐம்பது வயதிருக்கும் மனிதர். தேவாலயம் ஒன்று தொலைவில் தெரிந்தாலும் சக்கரத்திலிருந்து கையை எடுத்து மும்முறை சிலுவைக்குறி இட்டுக்கொள்வார். இந்நாட்டில் தேவாலயங்களுக்குக் குறைவில்லை, வளைவுகளுக்கும் குறைவில்லை. இரண்டும் ஒன்றாக வரும் இடங்களில் நானும் எனக்குத் தெரிந்த தெய்வங்களை அழைத்துக்கொண்டேன்.

ஜ்வாரி என்னும் ஊரைத் தாண்டியதும் எங்குரி அணை. இதைப் பார்க்கத்தான் பாதி மனம் வந்தது. 271.5 மீட்டர் உயரமுள்ள கான்கிரீட் வளைவணை. உலகின் மிக உயரமான வளைவணைகளில் ஒன்று. நான் வேலை நிமித்தமாகப் பார்த்த பெரிய வளைவணை இடுக்கி. அதன் உயரம் 169 மீட்டர்தான். இங்கே பணி தொடங்கியது 1961இல். மின்சாரம் வரத் தொடங்கியது 1978இல். முழுவதும் முடிந்தது 1987இல். கொள்ளளவு 110 கோடி கன மீட்டர், நம் கணக்கில் ஏறக்குறைய 39 டி.எம்.சி. அணை ஜார்ஜியாவின் கையில் இருக்கிறது. தண்ணீர் 15 கிலோமீட்டர் சுரங்கத்தில் ஓடி விழுகிற மின்நிலையமோ, 1992–93 போருக்குப்பின் தனியாட்சி நடத்தும் அப்காசியாவின் பக்கத்தில் இருக்கிறது. ஒருவரையொருவர் ஏற்காத இரு தரப்பும் ஒரே விசையாழிகளின் மின்சாரத்தைப் பகிர்ந்துகொள்கின்றன. மதகுச் சாவி ஒருவரிடமும் வயல் இன்னொருவரிடமும் இருந்தால் என்னென்ன பேச்சு நடக்கும் என்று எனக்குத் தெரியும்; இவர்கள் முப்பது ஆண்டுகளாக விளக்கை அணையவிடாமல் வைத்திருப்பதே பெரிது.

அணையைக் கடந்தபின் நீர்த்தேக்கத்தின் கரையோடு சாலை ஏறுகிறது. நீர் பச்சையாக, அசைவில்லாமல் கிடந்தது. தேக்கம் முடியும் இடத்தில் ஆறு தன் உண்மை நிறத்துக்கு வருகிறது: சாம்பல். பனியாறுகள் அரைத்த கல்மாவு அது. இருபுறமும் மலை சரிந்து இறங்கி, ஆற்றுக்கும் சாலைக்கும் மட்டும் இடம் விட்டிருந்தது.

கைஷி என்னும் ஊருக்குச் சற்று முன்னால் வண்டிகள் வரிசையாக நின்றிருந்தன. காலையில் பெய்த மழையில் மேலிருந்து பாறைகள் உருண்டு சாலையின் முழு அகலத்தையும் அடைத்துவிட்டன. அவற்றில் ஒன்று எங்கள் சிற்றுந்தைவிடப் பெரியது. மண்வாரி இயந்திரம் மெஸ்தியாவிலிருந்து வரவேண்டும். நான்கு மணி நேரம் ஆனது.

அந்த நான்கு மணி நேரத்தில் ஒருவர்கூட ஒலிப்பான் அடிக்கவில்லை. ஒரு கார்க்காரர் பின்பெட்டியைத் திறந்து திராட்சைக் கூடையை வெளியே வைத்தார். இன்னொருவர் ரொட்டியும் பாலாடைக்கட்டியும் எடுத்தார். பக்கத்து இருக்கைப் பெரியவர் தம் சட்டைப்பையிலிருந்த ஹேசல் கொட்டைகளைச் சாலையோரக் கல்லால் உடைத்து, பருப்பை எனக்கும் ஓட்டைத் தமக்கும் வைத்துக்கொண்டது போல, ஒன்றும் சாப்பிடாமலேயே உடைத்துக்கொண்டிருந்தார். நான் ஆற்றையே பார்ப்பதைக் கண்டு "ஒக்ரோ" என்றார். தங்கம் என்று அண்ணன் மகள் மொழிபெயர்த்தாள். இரு கைகளாலும் ஆட்டுத்தோலைத் தண்ணீரில் விரித்துப் பிடிப்பதுபோல் நடித்துக் காட்டினார்.

அவர் நடித்துக் காட்டியதை ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் கிரேக்கப் புவியியலாளர் ஸ்ட்ராபோ எழுதிவைத்திருக்கிறார். தம் புவியியல் நூலின் பதினோராம் பகுதியில், இன்று சுகுமி எனப்படும் தியோஸ்குரியஸ் துறைமுகத்துக்கு மேலே காக்கேசியச் சிகரங்களில் வாழும் சோவானேஸ் என்னும் மக்களைப் பற்றிச் சொல்கிறார். அவர்களுக்கு ஓர் அரசனும் முந்நூறு பேர் கொண்ட அவையும் உண்டு. இரண்டு லட்சம் பேரைப் போருக்குத் திரட்டுவார்களாம். அம்புமுனைக்கு நஞ்சு தடவுவார்கள். அவர்கள் நாட்டு ஓடைகள் அடித்துவரும் தங்கத்தைத் துளையிட்ட தொட்டிகளாலும் மயிரடர்ந்த தோல்களாலும் பிடிப்பார்கள். கிரேக்கத் தொன்மத்தின் பொன் ஆட்டுத்தோல் கதை இதிலிருந்து பிறந்தது என்பது அவர் குறிப்பு. இரண்டு லட்சம் என்பதை நான் நம்பவில்லை. இந்தப் பள்ளத்தாக்கு அத்தனை பேருக்குச் சோறு போடாது. தோல் விஷயத்தை நம்புகிறேன். ஓடும் நீரில் கனமான துகள் முதலில் படியும். சுருட்டை மயிர் அதைப் பிடித்துவைக்கும். வண்டல் படிவுத் தொட்டியும் அதே கணக்கில்தான் வேலை செய்கிறது. தவிர, ஸ்ட்ராபோ கருங்கடலின் தென்கரை நாட்டுக்காரர். தம் தாயின் உறவினர் ஒருவர் கொல்கிஸை ஆண்ட அதிகாரி என்று அவரே சொல்கிறார். மலையைப் பற்றிய பேச்சு அவர் வீட்டுத் திண்ணைக்கே வந்திருக்கும்.

மெஸ்தியாவுக்குப் போய்ச் சேரும்போது இருட்டிவிட்டது. கம்பளிச் சட்டை இப்போது தேவைப்பட்டது.

செப்டம்பர் 15, வெள்ளி: மெஸ்தியா

காலையில் சன்னலைத் திறந்ததும் கோபுரங்கள். ஒன்றிரண்டல்ல, வீட்டுக்கு ஒன்றாக, கூரைகளுக்கு மேலே கல் கோபுரங்கள் நிற்கின்றன. 1,500 மீட்டர் உயரத்திலுள்ள இந்தச் சிறுநகரந்தான் மேல் ஸ்வானேத்தியின் தலைமையிடம்.

புவியியலை முதலில் சொல்லிவிடுகிறேன். அது புரியாமல் கோபுரம் புரியாது. வடக்கே காக்கேசியத்தின் தலைமைத் தொடர், நாலாயிரமும் ஐயாயிரமும் மீட்டர் உயரச் சுவராக நிற்கிறது. அதற்கு அப்பால் ருஷ்யா. தெற்கே ஸ்வானேத்தித் தொடர் என்னும் இரண்டாம் சுவர். அதன் உச்சி நாலாயிரம் மீட்டரைத் தொடுகிறது. இரண்டுக்கும் நடுவே கிழக்கு மேற்காகக் கிடக்கும் நீண்ட தொட்டி மேல் ஸ்வானேத்தி. தெற்குச் சுவருக்கு அப்பால், வேறோர் ஆற்றின் தலைப்பில், கீழ் ஸ்வானேத்தி. தொட்டிக்குள் விழும் நீரெல்லாம் எங்குரியில் சேர்ந்து வெளியேறும் வாய் ஒன்றே ஒன்று. நேற்று நாங்கள் நான்கு மணி நேரம் நின்ற பள்ளத்தாக்கு அது. மற்ற வழிகள் எல்லாம் கோடையில் மட்டும் திறக்கும் உயர்ந்த கணவாய்கள்.

அருங்காட்சியகத்தில் அரை நாள் போனது. முதலில் வெண்கலக் காலத்துக் கோடரிகளும் அணிகலன்களும்: செம்பை உருக்கத் தெரிந்தவர்கள் ஸ்ட்ராபோவுக்கு ஆயிரம் ஆண்டுகளுக்கும் முன்பே இங்கு இருந்தார்கள். அடுத்த அறைகளில் வெள்ளித் தகட்டில் புடைத்தெடுத்த திருவுருவங்கள். பிறகு, மங்கிய விளக்கொளியில், ஆதிஷி நற்செய்தி நூல். 897ஆம் ஆண்டில் எழுதப்பட்டது; ஆண்டு குறிக்கப்பட்டுக் கிடைத்துள்ள ஜார்ஜிய நற்செய்திப் பிரதிகளில் மிகப் பழையது. இதை எழுதியது ஸ்வானேத்தியில் இல்லை. இன்று துருக்கி எல்லைக்குள் இருக்கும் ஷாத்பெர்தி மடத்தில். சமவெளியில் படையெடுப்பு வரும்போதெல்லாம் கோயில் நகைகளையும் நூல்களையும் மூட்டை கட்டி மேலே அனுப்பிவிடுவார்கள். பத்திரமாக வைத்துக்கொள்ள ஸ்வான் மக்களிடம் கோபுரம் இருந்தது, அதைவிட முக்கியமாக அந்த ஒற்றைப் பள்ளத்தாக்கு இருந்தது. அரபியரும் மங்கோலியரும் கீழே என்னென்னவோ செய்தார்கள். நூல் இங்கே இருந்தது.

இந்த வாயின் விலையை அன்றைய பேரரசுகளும் அறிந்திருந்தன. ஆறாம் நூற்றாண்டில் பைசாந்தியமும் பாரசீகச் சாசானிய அரசும் கீழேயுள்ள லாசிகா நாட்டுக்காக இருபது ஆண்டுகள் போரிட்டு, 562இல் ஐம்பதாண்டு அமைதி உடன்படிக்கை செய்தன. லாசிகா பைசாந்தியத்துக்கு என்று முடிந்தது. சுவானியா, அதாவது இந்த ஸ்வானேத்தி, யாருக்கு என்பதில் மட்டும் பேச்சு முறிந்தது. பைசாந்தியத் தூதர் பேத்ருஸ் நேரே பாரசீகப் பேரரசர் குஸ்ரோவிடமே போய், சுவானியாவின் அரசர்களை நியமித்து வந்தவர்கள் லாசிகாவின் மன்னர்களே என்று பெயர்ப்பட்டியல் ஒன்றைக் காட்டினார் என மேனாந்தர் என்ற வரலாற்றாசிரியர் எழுதியிருக்கிறார். பட்டியல் எடுபடவில்லை. வாற்கோதுமை விளையவே திணறும் ஒரு மலைத்தொட்டிக்காக இரு பேரரசுகள் இழுபறி நடத்தியதைப் பார்த்தால் வியப்பாக இருக்கலாம். மேலிருப்பவன் கீழே எப்போது வேண்டுமானாலும் இறங்குவான், கீழிருப்பவன் மேலே ஏற முடியாது என்பதே வழக்கின் சாரம். தலைமதகு தகராறுகளில் பலமுறை உட்கார்ந்திருக்கிறேன். இதில் எனக்கு வியப்பில்லை.

மாலையில் கோபுரம் ஒன்றுக்குள் ஏறினோம். பெரும்பாலானவை 9 முதல் 12ஆம் நூற்றாண்டுக்குள் கட்டப்பட்டவை. 20 முதல் 25 மீட்டர் உயரம், நான்கு அல்லது ஐந்து தளம். வாசல் தரையில் இல்லை. ஏணி வைத்து ஏறி, ஏணியை உள்ளே இழுத்துக்கொள்ள வேண்டும். சுவர் மேலே போகப் போக ஒடுங்குகிறது. கோபுரத்தை ஒட்டிய மச்சூபி என்னும் வீடு ஒரே பெரிய கூடம்: நடுவில் அடுப்பு, தீப்பொறி கூரையில் பறக்காதபடி அதன்மேல் தொங்கும் கற்பலகை, சுற்றிலும் செதுக்கு வேலைப்பாடுள்ள மரத்தடுப்பு, தடுப்புக்குக் கீழே மாடுகள், மேலே மனிதர்களின் படுக்கை. ஆறு மாதப் பனியில் மாட்டின் உடற்சூடுதான் வீட்டுக்கு வெப்பம். கோபுரங்கள் படையெடுப்புக்காகவா, தலைமுறை தலைமுறையாகத் தொடர்ந்த பழிவாங்கலுக்காகவா, பனிச்சரிவுக்காகவா என்று நூல்களில் வாதம் நடக்கிறது. மூன்றாம் தளத்தில் மூச்சு வாங்கி உட்கார்ந்த எனக்கு, மூன்றுக்கும் பயன்பட்டிருக்கும் என்று தோன்றியது. செலவு செய்து கட்டிய எதையும் ஒரே காரியத்துக்கு வைத்துக்கொள்ள விவசாயிக்கு வசதியிருக்காது.

இரவில் ஒரு விபரீதம். அண்ணன் மகள் சைவம். அதை விளக்கும் சுருக்கு வழியாக, "ஸமார்க்வோ", அதாவது நோன்பு உணவு, வேண்டும் என்று விடுதி அம்மாளிடம் சொல்லிவிட்டாள். அந்த அம்மாள் நெஞ்சில் கைவைத்து நெகிழ்ந்தார். புதனும் வெள்ளியும் இவர்களுக்கு நோன்பு நாட்கள். இந்தக் காலத்துப் பிள்ளைகள் யார் கடைப்பிடிக்கிறார்கள்? ஆனால் இவர்கள் நோன்பில் பாலும் கிடையாது, வெண்ணெயும் கிடையாது, பாலாடைக்கட்டியும் கிடையாது. எனக்கு முன்னால் குப்தாரி வந்தது: கையால் கொத்திய இறைச்சியை வெங்காயத்தோடும் மசாலாவோடும் மாவுக்குள் அடைத்துச் சுட்ட, தட்டு அகல ரொட்டி. அவளுக்கு முன்னால் லோபியோ என்னும் அவரைப் பருப்புக் கூழும் வெறும் உருளைக்கிழங்கும் வந்தன. பாலாடைக்கட்டி சேர்த்து மசித்து, கரண்டியைத் தூக்கினால் கயிறாக நீளும் தாஷ்மிஜாபியை அவள் கண்ணெதிரே கொண்டுபோய் அடுத்த மேசையில் வைத்தார்கள். பக்தி என்று பெயர் வாங்கியபின் மாற்றிச் சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை.

செப்டம்பர் 16, சனி: மெஸ்தியா

நாள் முழுவதும் மழை. ஷ்காரா, தெத்னுல்தி சிகரங்கள் இருக்கும் திசையில் வெறும் பஞ்சு. இரட்டைக் கொம்பு போன்ற உஷ்பா சிகரத்தை, 4,710 மீட்டர், படத்தில் மட்டும் பார்த்தோம். அதன் வடக்குக் கொம்பில் 1888இலேயே ஆங்கிலேயர் ஒருவரும் சுவிஸ் வழிகாட்டியும் ஏறினர். தெற்குக் கொம்பு 1903 வரை வசப்படவில்லை.

நோன்பு முடிந்தது என்று விடுதி அம்மாளே அறிவித்து அண்ணன் மகளுக்கு இரண்டு பங்கு தாஷ்மிஜாபி வைத்தார். பிறகு என்னைச் சமையலறைக்குள் அழைத்து ஸ்வான் உப்பு இடிப்பதைக் காட்டினார். கல்லுப்பு, பூண்டு, கொத்தமல்லி விதை, காய்ந்த மிளகாய், காட்டுச் சீரகம், துலுக்கச் சாமந்தி இதழ்ப்பொடி, நீலப்பூ வெந்தயம். மாலை கட்டுவதற்கு மட்டுமே நான் அறிந்த பூ இங்கே குங்குமப்பூவின் இடத்தில் இருக்கிறது. வெந்தயத்துக்கு இவர்கள் வைத்த பெயர் "உத்ஸ்கோ ஸுனேலி". அயல் மசாலா என்று பொருள். வெளியார் வர முடியாத தொட்டி என்று நேற்று எழுதினேன்; மசாலாவுக்கு அது பொருந்தவில்லை.

இடித்துக்கொண்டே அவரும் கணவரும் பேசியது ஸ்வான் மொழி. "ஒரு சொல்கூடப் பிடிபடவில்லை அத்தை" என்றாள் அண்ணன் மகள். பள்ளியில் ஜார்ஜியம், தேவாலயத்தில் ஜார்ஜியம், எழுத்து என்றால் ஜார்ஜியம். ஸ்வான் வீட்டுக்குள் மட்டும் பேசப்படுவது. அவர்களுடைய பேரப்பிள்ளைகள் திபிலிசியில் இருக்கிறார்கள். கேட்டால் புரியும், பதில் ஜார்ஜியத்தில் வரும் என்று அந்த அம்மாள் சொன்னார். "கோச்சா லாதெக்" என்று நல்ல நாள் வாழ்த்துச் சொல்ல எனக்குக் கற்றுக்கொடுத்தார். என் வாயில் அது வந்த விதத்தைக் கேட்டு அவர் கணவர் எழுந்து வெளியே போய்ச் சிரித்துவிட்டு வந்தார்.

செப்டம்பர் 17, ஞாயிறு: உஷ்குலி

மழை விட்டது. மெஸ்தியாவிலிருந்து உஷ்குலிக்கு 45 கிலோமீட்டர். பகிர்ந்து ஏறும் ஜீப்பில் ஆளுக்கு 50 லாரி. பாதிச் சாலைக்குக் காங்கிரீட் போடும் வேலை நடந்துகொண்டிருந்தது. மீதிப் பாதியில் சாலையே ஓடையாகவும் ஓடையே சாலையாகவும் இருந்தன.

இடையில் நாகிபாரி என்னும் சிற்றூரில் நிறுத்தச் சொன்னேன். அங்கே நம் வீட்டுக் கூடத்தின் அளவுகூட இல்லாத புனித ஜார்ஜ் தேவாலயம் இருக்கிறது. பூட்டியிருந்தது. ஓட்டுநர் இரண்டு வீடு தள்ளிக் குரல் கொடுக்க, உருளைக்கிழங்கு தோண்டிக்கொண்டிருந்த முதியவர் மண்கையைக் காற்சட்டையில் துடைத்துக்கொண்டு சாவியோடு வந்தார். சாவி ஊருடையது, ஊர் சம்மதிக்காமல் யாருக்கும் கிடைக்காது என்றார். துப்பட்டாவால் தலையை மூடிக்கொண்டு குனிந்து நுழைந்தோம். உள்ளே சுவரெங்கும் ஓவியம். "அரசனின் ஓவியர்" என்று தம்மைக் குறித்துக்கொண்ட தெவ்தொரே 1130இல் வரைந்தவை. அவரே இதே பள்ளத்தாக்கில் இப்ராரியில் 1096இலும், காலா ஊருக்கு மேலே காட்டுக்குன்றின் உச்சியிலுள்ள லாகுர்காவில் 1112இலும் வரைந்திருக்கிறார். இவற்றுள் முந்தைய இரண்டும், கட்டுமான மன்னர் என்று பெயர் பெற்ற நான்காம் தாவித் ஜார்ஜியாவை ஒன்றாக்கிக்கொண்டிருந்த காலத்தவை. அரண்மனை ஓவியரை முப்பது ஆண்டுகளுக்கு மேலாக மீண்டும் மீண்டும் இந்த மலைக்கு அனுப்பியது கலை ஆர்வத்தால் மட்டும் இருக்காது என்பது என் எண்ணம். படையால் நுழைய முடியாத இடத்துக்கு வர்ணக் கிண்ணத்தை அனுப்பியிருக்கிறார்கள். முதியவர் பணம் வாங்க மறுத்தார். மெழுகுவத்தி ஒன்று ஏற்றிவிட்டுப் போகச் சொன்னார்.

உஷ்குலி என்பது ஓர் ஊரின் பெயரில்லை. முர்க்மேலி, சஜாஷி, ச்விபியானி, ஜிபியானி என்னும் நான்கு சிற்றூர்களின் தொகுப்பு. 2,100 மீட்டர் உயரம். சஜாஷி 1996இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. ஐரோப்பாவிலேயே மிக உயரத்தில் மக்கள் நிலையாக வாழும் ஊர் இதுவே என்று பலகை வைத்திருக்கிறார்கள்; வேறு சில ஊர்களும் அதே பலகையை வைத்திருப்பதால் நான் வாதத்துக்குப் போகவில்லை. தெருவில் சாணமும் சேறும். மாடுகள் தங்களுக்கு எந்த வாசல் என்று தெரிந்து தாமாகப் பிரிந்து போயின. பல கோபுரங்களின் கீழே வீடு வெறுமையாக இருந்தது. 1987இன் குளிர்காலத்தில் பனிச்சரிவுகள் இங்கே பலரைக் கொன்றன. அதன்பின் பல குடும்பங்களைச் சமவெளிக்குக் குடிபெயர்த்தார்கள்.

எங்களுக்குக் கிடைத்த அறையில் வெந்நீர் உண்டு என்று சொல்லியிருந்தார்கள். உண்டு, ஆனால் மின்சாரம் இல்லை, ஆகவே இல்லை. உலகின் பெரிய வளைவணைகளில் ஒன்றுக்குத் தண்ணீர் அனுப்பும் ஊரில் மெழுகுவத்தி வெளிச்சத்தில் இதை எழுதுகிறேன்.

செப்டம்பர் 18, திங்கள்: ஷ்காரா

விடியலில் வயல்களில் உறைபனி. வடகிழக்கே, மேகமே இல்லாமல், பள்ளத்தாக்கின் தலைப்பை முழுவதும் அடைத்துக்கொண்டு ஷ்காரா நின்றது. 5,193 மீட்டர், ஜார்ஜியாவின் மிக உயர்ந்த சிகரம். மூன்று நாள் மேகத்துக்குப்பின் இது கொஞ்சம் அதிகம். பல் துலக்கப் போன அண்ணன் மகள் பிரஷ்ஷை வாயில் வைத்தபடியே நின்றுவிட்டாள்.

ஜிபியானிக்கு மேலே சிறு மதிலுக்குள் லாமரியா தேவாலயம். அன்னை மரியின் பெயரில் இருப்பது. ஆனால் லாமரியா என்னும் பெயருக்குப் பின்னால் அடுப்பையும் பிள்ளைப்பேற்றையும் காக்கும் பழைய ஸ்வான் பெண்தெய்வம் ஒருத்தி இருக்கிறாள் என்கிறார்கள். கிறித்தவம் இந்த மலைக்கு வந்தபோது பழையவள் வெளியேறவில்லை, பெயரைப் பகிர்ந்துகொண்டாள். 1184 முதல் 1213 வரை ஆண்ட தாமார் அரசியின் உடல் இங்கேதான் எங்கோ புதைந்திருக்கிறது என்று ஊரார் நம்புகிறார்கள். குத்தாயிசி அருகிலுள்ள கெலாத்தி மடத்தில் என்று மற்றவர்கள் சொல்கிறார்கள். கல்லறை இரண்டிடத்திலும் கிடைக்கவில்லை.

அங்கிருந்து பனியாற்றுக்கு எட்டு கிலோமீட்டர். ஏற்றம் பெரிதில்லை, ஆனால் ஓடைகளைக் கடக்க வேண்டும். மூன்றாவது ஓடையில் கல் வழுக்கி முழங்கால் வரை இறங்கினேன். எதிரே குதிரையில் வந்த பையன், பதினான்கு வயதிருக்கும், இறங்கி என்னைக் குதிரைமேல் ஏற்றிவிட முயன்றான். என் எடையையும் குதிரையின் முகத்தையும் பார்த்து நான் மறுத்தேன். அவன் தன் காலுறையைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, வெறுங்காலில் காலணியை மாட்டிக்கொண்டு போனான். இரண்டு லாரி கொடுத்தபோது கோபித்துக்கொண்டான்.

பனியாற்றின் முகப்பு நான் நினைத்ததுபோல் வெள்ளையாக இல்லை. கல்லும் மண்ணும் மூடிய கரிய சுவர். அதன் அடியில் குகைபோன்ற இடுக்கிலிருந்து எங்குரி புறப்படுகிறது. கற்கள் இடைவிடாமல் விழும் என்பதால் கிட்டே போகக்கூடாது. நாங்கள் நின்ற இடத்துக்கும் பனிக்கும் இடையே, புல்கூட முளைக்காத வெறும் கல்வெளி நீண்டு கிடந்தது. பனி பின்வாங்கிய தடம் அது. கைகழுவ நீரில் விரலை வைத்தேன். ஐந்து விநாடிக்குமேல் வைக்க முடியவில்லை. உள்ளங்கையில் மாவுபோல் சாம்பல் படிந்தது. இந்தக் கல்மாவெல்லாம் நான்கு நாட்களுக்கு முன் நான் வியந்த அந்த அணைக்குத்தான் போய்ச் சேருகிறது. ஆண்டுக்கு எவ்வளவு வண்டல் படியும் என்று என் மூளை தானாகக் கணக்குப் போடத் தொடங்கியது. அண்ணன் மகள், "அத்தை, நீங்கள் ஓய்வு பெற்றுவிட்டீர்கள்" என்று நினைவூட்டினாள்.

செப்டம்பர் 19, செவ்வாய்: திரும்புதல்

உஷ்குலியிலிருந்து விடியற்காலையில் ஜீப். மெஸ்தியாவில் விடுதி அம்மாள் வழிக்கென்று ஸ்வான் உப்புப் பொட்டலத்தையும், பாலாடைக்கட்டி சேர்த்துச் சுட்ட சோளரொட்டியான ச்விஷ்தாரியையும் கட்டிவைத்திருந்தார். செவ்வாய் நோன்பில்லை என்று அழுத்திச் சொல்லி அண்ணன் மகள் கையில் கொடுத்தார். "கோச்சா லாதெக்" என்றேன். இம்முறை அவர் கணவர் வெளியே போகவில்லை.

கீழே இறங்கும் சிற்றுந்தில் அதே ஓட்டுநர். என்னைப் பார்த்ததும் முன்னிருக்கையில் இருந்த இளைஞனை எழுப்பிப் பின்னால் அனுப்பிவிட்டு, அந்த இடத்தைக் காட்டினார். முன்னால் உட்கார்ந்ததில், அவர் சிலுவைக்குறி இடும் ஒவ்வொரு முறையும் சக்கரம் தனியாக இருப்பதை மிக அருகில் பார்க்க நேர்ந்தது.

கைஷியைத் தாண்டினோம். பாறை விழுந்த இடத்தைச் சுத்தம் செய்துவிட்டார்கள். பெரிய பாறையை மட்டும் நகர்த்த முடியாமல் ஆற்றுப்பக்க ஓரத்தில் தள்ளி வைத்திருந்தார்கள். அதன்மேல் யாரோ காலி மதுப்புட்டி ஒன்றை நிறுத்தி வைத்திருந்தார்கள். ஓட்டுநர் வேகத்தைக் குறைத்தார், சக்கரத்திலிருந்து கையை எடுத்தார், மும்முறை சிலுவைக்குறி இட்டுக்கொண்டார். சன்னல் வழியாக இருபுறமும் தேடிப் பார்த்தேன். அங்கே தேவாலயம் எதுவும் இல்லை.